மாறியும் மதிப்பும்

உரைநடை உலகம்

நுழையும்முன்

கணக்கு என்பது கணக்குப் பாடநூலுக்குள் மட்டும் வாழ்வதன்று. சந்தையில் எழுதப்படும் துண்டுச்சீட்டிலும் மின்கட்டண அட்டையிலும் காய்ச்சலை அளக்கும் வெப்பமானியிலும் அது வாழ்கிறது. நாம் நாள்தோறும் சொல்லிப் பார்க்கும் அசையிலும் சீரிலும்கூட அது உண்டு. ஒரு விதியை எழுதுவோர் சிலராக இருக்கலாம். அவ்விதியில் தமக்குரிய எண்ணை இட்டு, தமக்குரிய விடையைத் தாமே காண்பது எல்லார்க்கும் இயலும். அத்திறன் ஏன் வேண்டும் என்பதை இப்பாடம் விளக்குகிறது.

பூச்சந்தையில் ஒரு விதி

தென்காசி மாவட்டத்தில் அமைந்துள்ள ஊர் சங்கரன்கோவில். சங்கரநாராயணர் கோவிலாலும் கோமதி அம்மனுக்கு நிகழும் ஆடித்தபசுத் திருவிழாவாலும் பெயர்பெற்ற இவ்வூர், விசைத்தறிகளாலும் பூச்சந்தையாலும் உழைப்பவர் ஊராகவும் விளங்குகிறது. சுற்றியுள்ள சிற்றூர்களில் விளையும் மல்லிகையும் பிச்சியும் பிற பூக்களும் இங்குள்ள சந்தைக்கு வந்து சேர்கின்றன.

மல்லிகை காத்திருக்காத விளைபொருள். அரும்பு மலர்வதற்குள் பறிக்க வேண்டும். பறித்ததை அன்றே விற்க வேண்டும். நெல்லைப்போல் விலை ஏறும்வரை குதிரில் இட்டு வைக்க இயலாது. எனவே பூ விளைவிப்போர் விடியற்காலையிலேயே விடை காண வேண்டிய வினா ஒன்று உண்டு: “இன்று இவ்வளவு பூவைச் சந்தைக்குக் கொண்டு சென்றால் கையில் என்ன மிஞ்சும்?”

இதற்கு விடைகாண, விளக்கத்திற்காகச் சில எண்களைக் கொள்வோம். ஒரு கிலோ மல்லிகையின் விலை 400 ரூபாய். பறிகூலி கிலோவுக்கு 100 ரூபாய். தரகு விற்ற தொகையில் பத்தில் ஒரு பங்கு; அஃதாவது கிலோவுக்கு 40 ரூபாய். பூவை ஏற்றிவரும் வண்டிக்கு ஒரு நடைக்கு 130 ரூபாய்.

இச்செலவுகள் இருவகைப்படும். பறிகூலியும் தரகும் பூவின் எடை கூடக் கூடத் தாமும் கூடுவன. வண்டி வாடகை அவ்வாறன்று. ஒரு கிலோ ஏற்றினாலும் பத்துக் கிலோ ஏற்றினாலும் அது 130 ரூபாயே. எடையோடு கூடுவனவற்றை ஒருபுறமும் கூடாததை மறுபுறமும் வைத்தால் விதி தானே உருவாகிறது. கிலோவுக்கு மிஞ்சுவது 400 – 100 – 40 = 260 ரூபாய். மொத்தத்தில் கழிப்பது 130 ரூபாய். பூவின் எடையை ‘எ’ என்னும் எழுத்தாலும் கையில் மிஞ்சும் வரவை ‘வ’ என்னும் எழுத்தாலும் குறித்தால்,

வ(எ) = 260எ – 130

என அமையும். இங்கு ‘எ’ நாள்தோறும் மாறுவது; ஆதலின் அது மாறி. 130 மாறாதது, ஆதலின் அது மாறிலி. மாறியோடு ஒட்டி நிற்கும் 260 என்னும் எண் அதன் கெழு. மாறி ஒருபடியில் மட்டும் வரும் இத்தகைய விதியை நேரிய சார்பு என்பர். இதனை வரைபடமாக வரைந்தால் ஒரு நேர்க்கோடு கிடைக்கும். அக்கோட்டின் சாய்வே அக்கெழு.

> தெரிந்து தெளிவோம்
>
> முதலெழுத்தைச் சார்ந்தே இயங்குவதால் சார்பெழுத்து எனப் பெயர் பெற்றது. தொல்காப்பியம் சார்பெழுத்து மூன்று என்கிறது; நன்னூல் பத்து என்கிறது. கணக்கில் வரும் ‘சார்பு’ என்னும் சொல்லும் இதே பொருளில் அமைந்ததே. ஓர் எண் மற்றோர் எண்ணைச் சார்ந்து அமைவது சார்பு.
>
> அறிவு இல்லாதவர் அறிவிலி. முடிவு இல்லாதது முடிவிலி. அவ்வாறே மாறுதல் இல்லாதது மாறிலி.

மதிப்பிடுதல் என்பது

சார்பு ஒரு பொதுக்கூற்று. அது யார்க்கும் எந்நாளுக்கும் உரியது. அதில் ஒரு குறிப்பிட்ட மதிப்பை இடும்போதுதான் அது ஒருவர்க்கும் ஒருநாளுக்கும் உரிய விடையாகிறது. இதனைச் சார்பை ஒரு மதிப்பில் மதிப்பிடுதல் என்கிறோம். இதன் வழிமுறை எளிது. மாறி வரும் இடங்களிலெல்லாம் அவ்வெண்ணை இட வேண்டும்; பின்னர் பெருக்கலை முதலிலும் கூட்டல், கழித்தலை அடுத்தும் செய்ய வேண்டும்.

ஒருவர் 5 கிலோ பூக் கொண்டு வருகிறார் எனில்,

வ(5) = 260 × 5 – 130 = 1300 – 130 = 1170

அவர் கையில் மிஞ்ச வேண்டியது 1170 ரூபாய். 3 கிலோ எனில் வ(3) = 780 – 130 = 650. அரைக் கிலோ எனில் வ(0.5) = 130 – 130 = 0. அஃதாவது, அரைக் கிலோவுக்குக் குறைவாகப் பூத்த நாளில் வண்டி ஏற்றுவது வீண். வண்டி வந்த பின்னர் பூவே கிடைக்காமற்போனால் வ(0) = –130. பூச்சியத்தை இட்டால் விடையும் பூச்சியம் என எண்ணுவது பலர்க்கும் நேரும் பிழை. மாறிலி இருக்கும் சார்பில் அவ்வாறு அமையாது.

ஈரடைப்புக்குள் எண்ணை இட்டு வ(5) என எழுதும் வழக்கத்திற்கும் ஒரு வரலாறு உண்டு. அறியாத எண்ணை எழுத்தால் குறிக்கும் முறையைப் பிரெஞ்சு அறிஞர் டெக்கார்ட் 1637ஆம் ஆண்டு வெளியிட்ட தம் வடிவியல் நூலில் சீர்ப்படுத்தினார். சார்பு என்பதற்குரிய கலைச்சொல்லைப் பதினேழாம் நூற்றாண்டின் இறுதியில் லைப்னிட்ஸ் ஆண்டார். சார்பின் பெயருக்குப் பின் அடைப்புக்குறியிட்டு மாறியை எழுதும் முறையை 1734இல் ஆய்லர் கையாண்டார். எழுத்து எம்மொழியினதாயினும் பொருள் ஒன்றே. ஆதலின் இப்பாடத்தில் தமிழெழுத்துகளே மாறிகளாக நிற்கின்றன.

முறை பிறழ்ந்தால்

விதி சரியாக இருந்தும் விடை தவறாகலாம். செயல்களின் வரிசை பிறழ்வதே அதற்குப் பெரும்பாலும் காரணம். உடல் வெப்பத்தைச் செல்சியசில் அளந்து பாரன்கீட்டுக்கு மாற்றும் விதியைப் பார்ப்போம். செல்சியசு அளவை ‘செ’ எனக் கொண்டால்,

பா(செ) = 9செ/5 + 32

என அமையும். நலமான உடலின் இயல்பான வெப்பமாகக் கொள்ளப்படும் 37 பாகையை இடுவோம். 37 × 9 = 333; 333 ÷ 5 = 66.6, அதனோடு 32 கூட்டினால் 98.6. நாம் நெடுங்காலமாகக் கேட்டுப் பழகிய எண் இதுவே. முதலில் 32ஐக் கூட்டிவிட்டுப் பின்னர் பெருக்கினால் 69 × 9 ÷ 5 = 124.2 என வரும். எந்த மனித உடலும் அவ்வெப்பத்தைத் தாங்காது. கிடைத்த விடை நடைமுறைக்கு ஒவ்வுமா என ஒருமுறை எண்ணிப் பார்ப்பதும் மதிப்பிடுதலின் ஒரு பகுதியே.

எதிர்க்குறி எண்களை இடும்போது மேலும் கவனம் வேண்டும். செ = –40 எனில் 9 × (–40) ÷ 5 = –72; –72 + 32 = –40. இரண்டு அளவைகளும் ஒரே எண்ணைக் காட்டும் ஒரே இடம் இது. குறியைத் தவறவிட்டவர்க்கு இவ்வழகு புலப்படாது.

தமிழில் உள்ள சார்புகள்

விதியைச் சொல்லி அதில் எண்ணை இட்டு விடை காணும் முறை நமக்குப் புதிதன்று. காரிநாயனார் இயற்றிய கணக்கதிகாரம் என்னும் நூல், பலாப்பழத்தை அறுக்காமலே அதன் சுளைகளை எண்ணுவதற்கு ஒரு விதி கூறுகிறது. காம்பைச் சுற்றியுள்ள சிறு முட்களை எண்ணி, அவ்வெண்ணை ஆறால் பெருக்கி ஐந்தால் வகுத்தால் சுளைகளின் எண்ணிக்கை கிடைக்கும் என்பது அவ்விதி. முட்களின் எண்ணிக்கையை ‘மு’ எனக் கொண்டால்,

சு(மு) = 6மு/5

என அதனை எழுதலாம். முட்கள் 50 எனில் சுளைகள் 60. இதுவும் ஒரு நேரிய சார்பே. மாறிலி மட்டும் இல்லை. செய்யுளாகச் சொன்னாலும் குறியீடாகச் சொன்னாலும் விதியின் பொருள் மாறுவதில்லை. முட்கள் 52 எனில் விடை 62.4 என வருகிறது. சுளையில் புள்ளி நான்கு ஏது? ஆகவே இத்தகைய விதி தருவது ஒரு மதிப்பீடு எனக் கொண்டு, பழத்தை அறுத்து எண்ணிச் சரிபார்ப்பதே அறிவுடைமை.

யாப்பிலக்கணத்திலும் எழுத்திலக்கணத்திலும் நாம் பயிலும் மாத்திரைக் கணக்கும் இவ்வகையினதே. குறிலுக்கு ஒரு மாத்திரை, நெடிலுக்கு இரண்டு, ஒற்றுக்கு அரை. குறில்களின் எண்ணிக்கை ‘கு’, நெடில்களின் எண்ணிக்கை ‘நெ’, ஒற்றுகளின் எண்ணிக்கை ‘ஒ’ எனில்,

மாத்திரை = கு + 2நெ + ஒ/2

இங்கு மாறிகள் மூன்று. ‘சங்கரன்கோவில்’ என்னும் சொல்லில் ச, க, ர, வி என்னும் குறில்கள் நான்கு. கோ என்னும் நெடில் ஒன்று. ங், ன், ல் என்னும் ஒற்றுகள் மூன்று. இடுவோம்: 4 + 2 + 1½ = 7½ மாத்திரை.

ஆயினும் இவ்விதியை எல்லாச் சொற்களுக்கும் அப்படியே இடலாகாது. ‘மல்லிகை’ என்னும் சொல்லின் இறுதியில் உள்ள ஐகாரம் குறுகி ஒலிக்கும். குற்றியலுகரம் வரும் சொல்லில் உகரம் அரை மாத்திரையாகும். விதி எங்குச் செல்லும், எங்குச் செல்லாது என்பதை இலக்கணிகள் குறுக்கங்களைத் தனியே கூறி வரையறுத்தனர். கணக்கில் இவ்வரையறைக்கு மதிப்பகம் என்று பெயர்.

எல்லை அறிந்து இடுதல்

மதிப்பகத்தை மறந்தால் என்ன நேரும் என்பதற்குச் சங்கரன்கோவிலின் மற்றொரு தொழிலான விசைத்தறி சான்றாகும். தமிழ்நாட்டில் விசைத்தறிகளுக்கு இரு மாதங்களுக்குக் கட்டணமின்றி வழங்கப்படும் மின்சாரம் 2023ஆம் ஆண்டு 750 யூனிட்டிலிருந்து 1000 யூனிட்டாக உயர்த்தப்பட்டது. அதற்குமேல் பயன்படுத்தும் மின்சாரத்திற்கு யூனிட் ஒன்றுக்கு 5 ரூபாய் என விளக்கத்திற்காகக் கொள்வோம். பயன்படுத்திய அளவு ‘அ’ எனில் கட்டணம்,

க(அ) = 5(அ – 1000)

ஒரு தறிக்கூடத்தில் 1240 யூனிட் செலவாயிற்று எனில் க(1240) = 5 × 240 = 1200 ரூபாய். மற்றொரு தறிக்கூடத்தில் 800 யூனிட் மட்டுமே செலவாயிற்று. விதியில் இட்டால் 5 × (–200) = –1000. மின்வாரியம் அத்தறிக்கூடத்திற்கு ஆயிரம் ரூபாய் தர வேண்டும் என்று இதற்குப் பொருளா? அன்று. அவ்விதி 1000க்கு மேற்பட்ட அளவுகளுக்கே உரியது. 1000 வரை கட்டணம் பூச்சியம் என்பது வேறொரு விதி. அடைப்புக்குள் எண்ணை இடுவதற்கு முன், அவ்வெண் அங்கு நுழையத் தக்கதா என வினவ வேண்டும்.

கெழு சொல்லும் செய்தி

மீண்டும் பூச்சந்தைக்கு வருவோம். பூவின் விலை ஒருநாள்போல் ஒருநாள் இராது. முகூர்த்த நாள்களிலும் திருவிழாக் காலங்களிலும் விலை ஏறும். மார்கழிப் பனியில் மல்லிகை விளைச்சல் குன்றுவதால் அப்போதும் ஏறும். விளைச்சல் மிகுந்து வாங்குவோர் குறைந்த நாளில் சரியும். விலையே மாறியானால் கிலோவுக்கு மிஞ்சும் தொகையும் ஒரு சார்பாகிறது. விலை ‘வி’ எனில், அதில் பத்தில் ஒரு பங்கு தரகு போக 0.9வி நிற்கும், பறிகூலி 100 போக மிஞ்சுவது,

மி(வி) = 0.9வி – 100

விலை 400 எனில் மி(400) = 360 – 100 = 260. நாம் முன்னர்க் கண்ட கெழு இதுவே. விலை 120 ஆகச் சரிந்தால் மி(120) = 108 – 100 = 8. அன்று 5 கிலோ கொண்டு சென்றவர்க்கு 8 × 5 – 130 = –90. கையிலிருந்து 90 ரூபாய் போகும்; வண்டி வாடகையை ஈடுகட்டவே 16 கிலோவுக்கு மேல் வேண்டும்.

விலை 100 ஆகச் சரிந்தால் மி(100) = 90 – 100 = –10. இப்போது கெழுவே எதிர்க்குறி பெற்றுவிட்டது. 5 கிலோவுக்கு –180. 10 கிலோவுக்கு –230. மிகுதியாகப் பறிக்கப் பறிக்க இழப்பும் மிகுகிறது. பூ பூத்திருந்தும் பறிக்காமல் செடியிலேயே விடப்படுவதைக் காண்போர், ‘இவ்வளவு பூவையும் வீணாக்குகிறார்களே’ என வருந்துவர். அது சோம்பலாலோ அலட்சியத்தாலோ நேர்வதன்று. எதிர்க்குறி பெற்ற ஒரு கெழுவால் நேர்வது.

அந்நாளிலும் சிலர் பூக் கொண்டு வருவர். வீட்டாரே பறித்தால் பறிகூலி வெளியே செல்வதில்லை. அப்போது கிலோவுக்கு மிஞ்சுவது 90 ரூபாய்; 5 கிலோவுக்கு 90 × 5 – 130 = 320 ரூபாய். ஆதாயம்போல் தோன்றும் இவ்விடையில் ஓர் எண் மறைந்து நிற்கிறது. விதியிலிருந்து நீக்கப்பட்ட அந்த நூறு ரூபாய், விடியுமுன் எழுந்து பறித்த வீட்டுப் பெண்களின், பிள்ளைகளின் கூலி. 5 கிலோ பறித்தமைக்கு அவர்களுக்கு உரியது 500 ரூபாய். வீட்டிற்கு வந்தது 320 ரூபாய். விதியில் எழுதப்படாத எண்ணையும் காண அறிந்தவரே சார்பை முழுதாகப் படித்தவராவார்.

விடையைத் தாமே காண்பது

சந்தையில் தரப்படும் சீட்டில் இறுதித் தொகை மட்டும் இருக்கலாம். அத்தொகை எவ்வாறு வந்தது என்பதை அறியாதவர் பிறர் சொல்லை நம்பியே வீடு திரும்ப வேண்டும். அறிந்தவர் 260ஐ ஐந்தால் பெருக்கி 130ஐக் கழித்துப் பார்ப்பார். சீட்டில் 1170 இருந்தால் நன்று. 1040 இருந்தால், 130 ரூபாய் இருமுறை கழிக்கப்பட்டிருப்பதைக் கண்டு அமைதியாகச் சுட்டிக்காட்டுவார். அங்குச் சண்டைக்கு இடமில்லை, கணக்கே பேசிவிடும். கூலிச் சீட்டு, வட்டிக் கணக்கு, பயணக் கட்டணம், மின்கட்டணம் எனப் பிறர் எழுதித் தரும் எண்கள் நம் வாழ்வெங்கும் உள்ளன.

நேரிய சார்பில் ஓர் எண்ணை இடுதல் கணக்கில் மிக எளிய செயல். ஒரு பெருக்கலும் ஒரு கூட்டலும் அறிந்தவர் எவரும் செய்வது. விதி இன்னார் இனியார் என வேறுபாடு பார்ப்பதில்லை. ஒரே எண்ணை இட்டவர் எவராயினும் அது ஒரே விடையையே தரும். உழைத்தவர் தம் எண்ணைத் தாமே இட்டுத் தமக்குரியதைத் தாமே அறியும் நாளில், கல்வி அவர் கைக்கு வந்துவிட்டது எனலாம்.

கற்பவை கற்றபின்...

1. உங்கள் வீட்டு மின்கட்டண அட்டையைப் பார்த்து, அதிலுள்ள தொகை எவ்வாறு கணக்கிடப்பட்டது என்பதை வகுப்பில் விளக்குக.
2. உங்கள் ஊர்த் தொழில் ஒன்றினைத் தேர்ந்தெடுத்து, அதன் செலவுகளை ‘அளவோடு கூடுவன’, ‘கூடாதன’ என வகைப்படுத்தி ஒரு சார்பை அமைக்க.

மதிப்பீடு

பலவுள் தெரிக

1. வ(எ) = 260எ – 130 எனில் வ(4) இன் மதிப்பு
அ) 780  ஆ) 910  இ) 1040  ஈ) 1170

2. ‘தென்காசி’ என்னும் சொல்லின் மாத்திரை அளவு
அ) 3½  ஆ) 4  இ) 4½  ஈ) 5

குறுவினா

1. மாறி, மாறிலி – வேறுபடுத்துக.
2. வ(0) = –130 என்பதன் பொருள் யாது?

சிறுவினா

1. செல்சியசு அளவு 38.5 எனில் பாரன்கீட்டு அளவைக் கண்டறிக. செயல்களின் வரிசை பிறழ்ந்தால் நேரும் பிழையைச் சுட்டுக.
2. மாத்திரை விதியை ‘மல்லிகை’ என்னும் சொல்லுக்கு அப்படியே இடலாகாமைக்குக் காரணம் கூறுக.

நெடுவினா

1. ‘பூ பறிக்காமல் விடப்படுவது எதிர்க்குறி பெற்ற கெழுவால் நேர்வது’ – இக்கூற்றைத் தக்க எண்களுடன் நிறுவி, விதியில் எழுதப்படாத உழைப்பைப் பற்றிய உங்கள் கருத்தையும் எழுதுக.